குலசேகரத்தில் வார்ப்பு, மஸ்கட்டில் நான்

நடந்தவை, நடந்த வரிசையில்:

1. மஸ்கட்டில் எழும்பும் ஒரு பள்ளிக்கூடத்துக்கு நாகர்கோவிலில் இருந்தபடியே கம்பி வரைபடம் போட்டுக்கொண்டிருந்த என்னைப் பத்து நாள் நேரில் வரச் சொன்னார்கள். போனேன்.
2. அதே வாரத்தில், குலசேகரத்தில் என் பொறுப்பில் இருந்த ஒரு வீட்டின் மேல்தளத்துக்கு வார்ப்பு நாள் குறித்தார்கள்.
3. தளத்தில் கம்பி கட்டி முடித்ததை மஸ்கட்டில் இருந்து படங்களில் பார்த்தேன். சரியாக இருந்தது. சரி என்று எழுதி அனுப்பினேன்.
4. மறுநாள் காலை வார்ப்பு தொடங்கிய பிறகு, நிறுத்துங்கள் என்று சொன்னேன்.
5. மதியத்துக்கு வைத்திருந்த பிரியாணியைக் காலை பத்து மணிக்குப் பரிமாறினார்கள்.

ஐந்தாவதைச் சொன்னால் எங்கள் பக்கத்தில் எல்லாரும் சிரிக்கிறார்கள். நான்காவதைச் சொன்னால் கொத்தனார்கள் முறைக்கிறார்கள். இரண்டுக்கும் நடுவில் இருப்பதைச் சொல்ல மஸ்கட்டுக்கே போய்த் திரும்ப வேண்டியிருக்கிறது.

கான்கிரீட் தளம் போடுவதை எங்கள் மாவட்டத்தில் வார்ப்பு என்போம். வீடு கட்டுவதில் மிகப் பெரிய நாள் அதுதான். ஜெபமோ பூஜையோ நடக்கும். உறவுக்காரர்கள் வருவார்கள். வேலைக்காரர்களுக்கு வீட்டுக்காரர் வயிறு நிறையச் சாப்பாடு போடுவார். வீட்டுக்காரர் வெளிநாட்டில் இருந்தால், அநேகமாக இருப்பார், அவருக்குப் படம் அனுப்புவார்கள்.

நான் வேலை பார்க்கும் அலுவலகம் நாகர்கோவிலில் ஒரு துணிக்கடையின் மேல்மாடியில் இருக்கிறது. எங்களுக்கு இரண்டு வகை வேலை. கடலுக்கு அப்பால் எழும்பும் கட்டடங்களுக்கு இங்கிருந்து வரைபடம் அனுப்புவது ஒன்று. கடலுக்கு அப்பால் வேலை பார்ப்பவர்களுக்கு இங்கே வீடு கட்டிக் கொடுப்பது மற்றது. முதலாவதில் கட்டடம் அங்கே, நாங்கள் இங்கே. இரண்டாவதில் கட்டடம் இங்கே, சொந்தக்காரர் அங்கே. வேலையும் ஆட்களும் ஒரே இடத்தில் கூடிய சந்தர்ப்பம் எனக்கு நினைவில்லை. அதனால் எங்களுக்குள் ஒரு முறை உண்டு. எதையும் படத்தில் பார்ப்போம். படத்துக்குள் அளவு நாடா விரித்து வைத்திருக்க வேண்டும். நாடா இல்லாத படத்தை நான் திறப்பதில்லை.

இந்த முறையை நம்பித்தான், வாரத்தில் மூன்று நாள் இரணியலில் என் வீட்டில் இருந்து வேலை செய்கிறேன் என்று அலுவலகத்தில் கேட்டிருந்தேன். எங்கள் முதலாளி சார் முடிவு சொல்லவில்லை. "மஸ்கட் போயிட்டு குலசேகரம் வார்ப்ப அங்கேருந்தே பாத்துக் குடு. பொறவு பேசுவோம்" என்றார்.

---

விமானம் பிடிக்கத் திருவனந்தபுரம் போகிற வழியில் மார்த்தாண்டத்தில் கார் நின்றது. மேம்பாலம் கட்டிக்கொண்டிருந்த காலம். கீழே பேருந்துகளும் மீன் வண்டிகளும் ஒன்றை ஒன்று முட்டிக்கொண்டு நின்றன. மேலே இரும்பு உத்தரம் ஒன்று கிரேனில் தொங்கி மெதுவாக இறங்கிக்கொண்டிருந்தது. ஓட்டுநர் ஸ்டியரிங்கைத் தட்டித் தட்டி எல்லாரையும் திட்டினார். நான் கண்ணாடியை இறக்கி உத்தரத்தைப் பார்த்தேன். அது தூண்மேல் உட்கார்ந்த பிறகுதான் எனக்கு நேரமாகிறது என்ற நினைவு வந்தது. அம்மா பையில் திணித்திருந்த ஏத்தங்காய் சிப்ஸில் கால்வாசி அங்கேயே தீர்ந்தது.

மஸ்கட்டில் முதலில் கண்ணில் பட்டது மலை. எங்கள் வேளிமலை பச்சையாக, மழை முடிந்தால் புகைந்துகொண்டு இருக்கும். இங்கே மலை முழுக்கப் பாறை. ஒரு செடி இல்லை. அதன் காலடியில் வெள்ளை வெள்ளையாக வீடுகள். அஸ்திவாரத்துக்கு இவ்வளவு நல்ல பாறை எங்கள் பக்கத்தில் கிடைத்தால் எப்படி இருக்கும் என்று நினைத்தேன்.

அங்கே என் மேசைக்கு எதிர் மேசை ஸல்மாவுடையது. அந்தப் பள்ளிக்கூடக் கட்டடத்தின் தளப் பொறியாளர். ஓமன் பெண், என் வயதுதான் இருக்கும். ஒரு வருடமாக நாங்கள் ஒருவருக்கொருவர் மின்னஞ்சல் எழுதியிருக்கிறோம். என்னைப் பார்த்ததும் எழுந்து நின்று, "நீயா எஸ்.ஜே.?" என்று ஆங்கிலத்தில் கேட்டாள். என் வரைபடங்களின் மூலையில் அந்த இரண்டு எழுத்துகள்தான் இருக்கும். "உன் மின்னஞ்சலில் ஒரு வணக்கம்கூட இருக்காது. அறுபது வயதுக் கோபக்காரக் கிழவர் என்று நினைத்திருந்தேன்."

"கிழவர் இல்லை" என்றேன். "மற்றது பாதி சரி."

மதியச் சாப்பாடு மலையாளி ஒருவருடைய கடையில். நெய்மீன் துண்டு உள்ளங்கையை விடப் பெரிது. குழம்பில் மட்டும் ஏதோ குறைந்தது. தேங்காய் அரைத்த குழம்புதான், புளியும் இருந்தது. இரண்டாவது நாள்தான் விளங்கியது, பக்கத்தில் மரச்சீனிக் கிழங்கு, மற்ற ஊர்களில் மரவள்ளி என்பது, இல்லை. மீன் குழம்புக்குப் பக்கத்தில் சோற்றை மட்டும் வைத்துப் பார்க்கிற பழக்கம் எங்களுக்கு இல்லை.

---

மூன்றாவது நாள் கட்டடத்துக்குப் போக வாடகை வண்டியில் ஏறினேன். ஆரஞ்சும் வெள்ளையும் பூசிய வண்டி. வழியில் கைகாட்டுகிறவர்களையெல்லாம் ஏற்றிக்கொள்வார்கள், எங்கள் ஊர் ஷேர் ஆட்டோ மாதிரி. பாதி வழியில் எஞ்சின் கொதித்துப் புகை வந்தது. ஓட்டுநர் பதறவில்லை. ஒரு மேம்பாலத்தின் நிழலில் வண்டியை ஓரங்கட்டினார். பின்பக்கம் திறந்து பிளாஸ்க்கை எடுத்து எல்லாருக்கும் சின்னக் கோப்பைகளில் காவா என்கிற அரபுக் காபி ஊற்றினார், பேரீச்சம்பழமும் கொடுத்தார். எஞ்சின் ஆறும்வரை விருந்து.

வண்டியில் ஒரு வயதான அம்மாளும், கோட்டயம் பக்கத்து நர்ஸ் ஒருத்தியும் இருந்தார்கள். அம்மாள் அரபியில் என்னைப் பார்த்துக் கேட்டதையெல்லாம் நர்ஸ் எனக்கு மாற்றிச் சொன்னாள். எனக்குக் கல்யாணம் ஆகிவிட்டதா? ஏன் இல்லை? தனியாகவா வந்தேன்? என்ன வேலை? கட்டடங்களுக்கு உள்ளே கம்பி எப்படிப் போக வேண்டும் என்று வரைவேன் என்றேன். அம்மாள் யோசித்துவிட்டு ஒரு கேள்வி கேட்டார். நர்ஸ் சிரித்துக்கொண்டே சொன்னாள்: "கான்கிரீட் போட்டு மூடின பிறகு, நீ வரைந்த மாதிரிதான் வைத்தார்களா என்று உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்கிறார்."

"மூடுவதற்கு முன்னால் படம் அனுப்புவார்கள்" என்றேன். அம்மாளுக்கு அந்தப் பதில் போதவில்லை என்று முகத்தில் தெரிந்தது. இன்னொரு பேரீச்சம்பழம் கொடுத்தார்.

அன்று தளத்தில் ஸல்மா கத்தினாள். நான் அங்கே இருந்த நாட்களில் அவள் குரல் உயர்ந்தது அந்த ஒரு தடவைதான். கட்டி முடித்த கம்பி வலைமேல், வார்ப்புக்கு முன்னால் பலகைகளைப் பாதை போல விரித்திருந்தார்கள். எல்லாரும் பலகைமேல்தான் நடக்க வேண்டும். கம்பெனியின் பெரிய மேலாளர் விருந்தாளிகளோடு வந்தார். கடல் பின்னால் தெரியப் படம் எடுப்பதற்காகப் பலகையை விட்டுத் தாழ்வாரத்தின் நுனிப்பக்கக் கம்பிமேல் காலை வைத்தார். "இறங்குங்கள்!" என்றாள். அவர் இறங்கினார். இரண்டு ஹெல்ப்பர்கள் தமக்குள் இந்தியில் சொல்லிக்கொண்டது காதில் விழுந்தது: "அவரிடம் அவருடைய மனைவிகூட இப்படிச் சொல்லியிருக்கமாட்டாள்."

அவள் கத்தியதற்குக் காரணம் உண்டு. சுவரிலிருந்து வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் தளத்துக்கு, பால்கனியோ தாழ்வாரமோ, அடியில் தூண் கிடையாது. நுனி எப்போதும் கீழே இறங்கப் பார்க்கும். அதனால் மேல்பக்கம்தான் இழுபடும். கான்கிரீட்டுக்கு இழுப்பைத் தாங்கும் சக்தி இல்லை. கம்பிதான் தாங்க வேண்டும், கம்பி மேல்பக்கத்தில் இருந்தால்தான் தாங்கும். ஆள் ஏறி மிதித்தால் கம்பி அடிக்குப் போய்விடும். பிறகு கான்கிரீட் போட்டு மூடினால் வெளியே எதுவும் தெரியாது. கான்கிரீட் இறுகும்வரை அடியில் தாங்கும் முட்டுகளைப் பிரிக்கும் நாளில் விழலாம். பத்து வருடம் கழித்து, பண்டிகைக்குக் கூடிய உறவுக்காரர்கள் ஏறி நிற்கும்போதும் விழலாம்.

இன்னொன்றும் பார்த்தேன். அங்கே கான்கிரீட்டில் ஐஸ் போட்டுக் கலக்குகிறார்கள். அந்த வெயிலில் அப்படிச் செய்யாவிட்டால் ஊற்றுவதற்குள் இறுகிவிடும். நாங்கள் வார்ப்பு நாளில் வானத்தைப் பார்ப்போம், தார்ப்பாய் தயாராக வைப்போம். இதை எங்கள் தள மேற்பார்வையாளர் வில்சனுக்கு எழுதினேன். அவன் பதில்: "எக்கா, இங்க ஐஸ் சர்பத்துல போடதுக்கே இல்ல."

---

குலசேகரம் வீட்டின் சொந்தக்காரர் கிறிஸ்துதாஸ். மஸ்கட்டில் தண்ணீர் லாரி ஓட்டுகிறார். ரப்பர் தோட்டங்களுக்கு நடுவில் அவருக்குக் கொஞ்சம் நிலம். அஸ்திவாரம் தோண்டுவதற்கு முன்னால் ஊருக்கு வந்து போனவர். அதற்குப் பிறகு எழுந்ததையெல்லாம் போனில்தான் பார்த்திருக்கிறார். வார்ப்பை வெள்ளிக்கிழமை வைத்ததும் அவருக்காகத்தான். ஓமனில் வெள்ளி விடுமுறை.

வியாழக்கிழமை மாலை வில்சன் நான் கேட்ட படங்களை வரிசையாக அனுப்பினான். அடுக்களை, படுக்கையறை, படிக்கட்டுப் பக்கம், கடைசியாகப் பால்கனி. ஒவ்வொன்றிலும் அளவு நாடா. பால்கனிக் கம்பி அடிப்பலகையிலிருந்து நாலு இஞ்ச் உயரத்தில், இருக்க வேண்டிய இடத்தில் இருந்தது. கம்பியைத் தூக்கிப் பிடிக்க, வளைத்த கம்பியில் சின்ன முக்காலி போல ஒன்று செய்து அடியில் வைப்போம். அதற்குப் பெயர் சேர். சேர்களையும் எண்ணிப் பார்த்தேன். சரி என்று எழுதினேன்.

வெள்ளிக்கிழமை காலை கிறிஸ்துதாஸ் என்னைத் தம் அறைக்குச் சாப்பிட அழைத்திருந்தார். "வாங்க மக்களே, வாங்க. இருங்க. புட்டு ஆறிப் போவும்." ஒரு அறையில் நான்கு பேர், நான்கும் குமரி மாவட்டம். எல்லாரும் குளித்து, துவைத்த சட்டை போட்டு, ஒரு போனைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். போன் ஒரு டம்ளரில் சாய்த்து வைக்கப்பட்டிருந்தது. அந்த நாட்டில் வாட்ஸ்அப்பில் படமும் எழுத்தும் வரும், அழைப்பு போகாது. பேச வேண்டுமானால் சாதாரண அழைப்புதான்.

"இவனுக்க வீட்ட நாங்களும் சேந்துதான் கெட்டுகோம்" என்றார் தக்கலைக்காரரான மணி, புட்டைக் குழாயிலிருந்து தள்ளிக்கொண்டே. "ஜன்னலு எங்க வைக்கணும்னு இந்தக் கட்டில்ல இருந்துதான் முடிவாச்சு. பாலுகாச்சும் போனுக்குள்ளயே முடிஞ்சிரும் போல."

"லேய், களியாக்காத" என்றார் கிறிஸ்துதாஸ். ஆனால் சிரித்தார்.

முதல் படம் வந்தது: போதகர் ஜெபம் செய்கிறார். இரண்டாவது: கலவை மிஷின், பக்கத்தில் வரிசையாகச் சட்டி தூக்கும் ஆட்கள். மூன்றாவது: பிரியாணி அண்டா. நான்காவது படம் வந்ததும் அறையே குனிந்தது.

பால்கனியில் குடும்பம் முழுக்க நின்றது. கிறிஸ்துதாஸின் மனைவி ஸ்டெல்லா, இரண்டு பெண்பிள்ளைகள், மாமியார், மைத்துனன் குடும்பம், போதகர், பக்கத்து வீட்டுக்காரர்கள். பின்னால் ரப்பர் மரங்கள் வரிசையாக. கீழே ஸ்டெல்லா எழுதியிருந்தார்: "அத்தான், நீங்க சொன்ன மாதிரி எல்லாரும் ஏறி நிண்ணாச்சு. வார்ப்பு தொடங்கியாச்சு."

"கொள்ளாம்லா!" என்றார் மணி. "உனக்க மாமியாரு சிரிக்கியத இண்ணைக்குத்தான் பாக்கேன்."

அவர்கள் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் போனை வாங்கி, படத்தை விரலால் விரித்து, கால்களைப் பார்த்தேன். செருப்புகள், போதகரின் ஷூ. அவற்றுக்கு அடியில் கம்பிகள் கட்டில் கயிறு போலத் தொய்ந்து கிடந்தன. ஓரத்தில் ஒரு சேர் சாய்ந்து படுத்திருந்தது.

"இந்தப் படம் எப்போது எடுத்தது?" என்று கேட்டேன்.

"இப்பம்தான். என்ன மக்களே?"

"கம்பி கீழே போய்விட்டது" என்றேன். "பால்கனிக்குக் கான்கிரீட் போடக்கூடாது."

மணி புட்டுக் குழாயைக் கீழே வைத்தார்.

---

வில்சனைக் கூப்பிட்டேன். எடுத்தான். கீழே கலவை மிஷினருகில் நின்றான். அந்தச் சத்தத்தில் "எக்கா, கேக்கல, கேக்கல" என்பது மட்டும் கேட்டது. எழுதி அனுப்பினேன். பார்த்த அடையாளம் விழவில்லை. வார்ப்பை அடுக்களையிலிருந்து தொடங்குவார்கள், பால்கனி கடைசி. எனக்கு ஒன்றரை மணி நேரம் இருந்தது. ஆனால் நிறுத்தச் சொல்ல அங்கே ஒரு ஆள் வேண்டும்.

கிறிஸ்துதாஸ் தம் போனைத் திரும்ப வாங்கிக்கொண்டார். பிறகு சொன்னார்: "நான்தான் ஏறச் சொன்னேன். ரப்பர் மரம் தெரியட்டும், அங்கண நிண்ணு எடுங்கன்னு நான்தான் சொன்னேன். இப்பம் எப்படி அவகிட்ட நிறுத்துன்னு சொல்லது? அவ்வளவு பேரு வந்திருக்காவ. மேஸ்திரிக்கு மதியம் திருவட்டாருல அடுத்த வார்ப்பு."

"அண்ணா, அந்தப் படத்தில் பிள்ளைகள் நிற்கிற இடத்தில்தான் வீடு முடிந்த பிறகும் நிற்பார்கள்" என்றேன்.

அவர் மனைவிக்கு அழைத்தார். ஸ்பீக்கரில் போட்டார்.

"ஏட்டி, இஞ்சினீயர் பிள்ளை பேசும். அது சொல்லதக் கேளு."

ஸ்டெல்லா வீட்டில் தையல் வேலை செய்கிறவர் என்பது எனக்குத் தெரியும். விளக்கம் சொல்லி நேரத்தைக் கழிக்கவில்லை. தையல் டேப்பை எடுத்துக்கொண்டு ஏணியில் ஏறச் சொன்னேன். பால்கனியில் கம்பிமேல் கால் வைக்காமல், பக்கச் சுவரில் குந்தி, அடிப்பலகையிலிருந்து மேல்கம்பி வரை அளந்து சொல்லச் சொன்னேன். மூச்சு வாங்கும் சத்தமும், யாரோ "எதுக்கு மேல ஏறுக?" என்று கேட்பதும் கேட்டன.

"ரெண்டு இஞ்சு" என்றார். "இங்கண ரெண்டேகால். எவ்வளவு வேணும்?"

"நாலு."

"அப்பம் பாதிதானா இருக்கு? நாங்க நிண்ணதுனாலயா?"

"ஆமாம்."

ஸ்டெல்லா போனைக் கையில் பிடித்தபடியே மேஸ்திரியிடம் போனார். அந்தப் பேச்சு முழுவதையும் மஸ்கட்டில் நாங்கள் ஐந்து பேர் கேட்டோம்.

"மேஸ்திரி, மிஷின நிறுத்தும்."

"என்னத்துக்கு?"

"பால்கனியில கம்பி தாந்துபோச்சு. இஞ்சினீயர் சொல்லுது."

"நேத்து சரின்னு சொன்ன பிள்ளைதானே? இண்ணைக்கு வேண்டாம்ங்குதா? மஸ்கட்டுல இருந்துட்டு இங்க கம்பி தாந்தது தெரியுமாக்கும். ஜோசியம் பாக்குதா?"

"ஜோசியம் இல்ல. எனக்க டேப்பு. நீரே வந்து பாரும்."

"வார்ப்பு தொடங்கினா நடுவுல நிறுத்தப்பிடாதும்மா. எனக்க ஆளுகளுக்கு மதியம் வேற வேலை கெடக்கு. ஓரத்துல ரெண்டு கம்பிய நான் கையால தூக்கி விட்டுட்டு போட்டுருவேன், நீங்க போங்க."

கையால் தூக்கிவிட்ட கம்பி, கான்கிரீட் விழுந்த வேகத்தில் மறுபடி கீழே போகும். அதைச் சொல்ல வாயெடுத்தேன். ஸ்டெல்லா முந்திக்கொண்டார்.

"மேஸ்திரி, பால்கனி விழுந்துதுன்னா அடுத்த வார்ப்புக்கு உம்ம யாரு கூப்பிடுவா? நிறுத்தச் சொல்லல. சாப்பிடச் சொல்லுதேன். பிரியாணி ரெடியா இருக்கு. மதியம் தின்னதுக்கும் இப்பம் தின்னதுக்கும் என்ன வித்தியாசம்? நீங்க தின்னுங்க, வில்சன் அதுக்குள்ள கம்பியத் தூக்கட்டும். மதியம் சாப்பாட்டுக்கு நிக்காண்டாம், நேரா திருவட்டாருக்குப் போவலாம். உமக்கு நேரம் ஒண்ணும் போவாது."

யாரோ ஒரு பெண், சட்டி தூக்குகிறவர்களில் ஒருத்தி, "அந்தக்கா சொல்லது ஞாயந்தான். மணம் எட்டு மணிலேந்தே கொல்லுது" என்றாள். பலர் சிரித்தார்கள்.

மேஸ்திரி கடைசியில் என்னிடம் பேசினார். போனை வாங்கி, கொஞ்சம் உரக்க: "அந்த நடு பீம் வரைக்கும் போட்டுட்டு நிறுத்துதேன். ஓரத்துல ஈரச் சாக்கு போடுதேன். ஒரு மணி நேரம். அதுக்கு மேல ஒரு நிமிசம் கெடையாது, கேட்டியளா?"

ஒரு மணி நேரத்துக்குள் மறுபடியும் ஊற்றத் தொடங்கிவிட்டால் பழையதும் புதியதும் ஒன்றாகவே இறுகும். அவர் கேட்டதும் நான் கேட்க இருந்ததும் ஒன்றுதான். "போதும் மேஸ்திரி" என்றேன்.

மிஷின் சத்தம் நின்றது. அந்த அமைதியில் முதலில் கேட்டது வாழையிலை கிழிக்கும் சத்தம்.

---

வில்சனும் கம்பி கட்டுகிற இரண்டு பேரும் சாப்பிடவில்லை. நான் ஒவ்வொன்றாகச் சொன்னேன்: சாய்ந்த சேர்களை எடுத்துவிடு, மீதிக் கம்பியில் புதிதாக வளை, முன்பு வைத்ததை விட நெருக்கமாக வை, சேரையும் கம்பியையும் சேர்த்துக் கட்டு, மேலே பலகை போடு, இனி யாரும் பலகையை விட்டு இறங்கக்கூடாது. ஸல்மாவின் தளத்தில் பார்த்த பலகைப் பாதையின் படத்தை அவனுக்கு அனுப்பினேன். குலசேகரத்தில் அதற்கு ஸ்டெல்லா வீட்டுப் பழைய கதவு ஒன்றும் விருந்துக்கு வாடகைக்கு எடுத்த பெஞ்சுகளின் பலகைகளும் பயன்பட்டன.

இங்கே அறையில் புட்டு ஆறிப்போயிருந்தது. யாரும் தொடவில்லை. கிறிஸ்துதாஸ் நாலாவது படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீயும் தின்னுலேய்" என்றார் மணி. "அங்க எல்லாவனும் உனக்க பைசால பிரியாணி திங்கான், நீ இங்க பட்டினியா இருந்து எவனுக்கு லாபம்?"

படங்கள் வந்தன. அளவு நாடாவுக்குப் பதில் மஞ்சள் தையல் டேப், அதைப் பிடித்திருந்த ஸ்டெல்லாவின் கட்டைவிரல். நாலு இஞ்ச். அடுத்தது, நாலு. அதற்கடுத்தது, நாலுக்குக் கொஞ்சம் குறைவு. அங்கே இன்னொரு சேர் கேட்டேன், வைத்தார்கள். கதவுப் பலகைமேல் மேஸ்திரி நிற்கும் படமும் வந்தது. முகத்தில் சிரிப்பு இல்லை. கால் மட்டும் சரியான இடத்தில் இருந்தது.

இரண்டாவது முறை சரி என்று எழுதினேன். மிஷின் மறுபடியும் ஓடுகிற சத்தத்தை ஸ்டெல்லா போனைத் தூக்கிப் பிடித்து எங்களுக்குக் கேட்க வைத்தார். வார்ப்பு முடிந்து ஆட்கள் சொன்ன நேரத்துக்குத் திருவட்டாருக்குக் கிளம்பினார்கள் என்று வில்சன் எழுதினான். "எக்கா, எனக்கு மட்டும் பிரியாணியில எலும்புதான் கெடச்சுது" என்பதையும் சேர்த்திருந்தான்.

கிறிஸ்துதாஸ் என்னை அறை வாசல் வரை வந்து வழியனுப்பினார். குடும்பம் பால்கனியில் நின்ற அந்தப் படத்தைப் போனின் முகப்பில் வைத்திருந்தார். "இத அழிக்கவா வேண்டாமா?" என்று கேட்டார்.

"வேண்டாம் அண்ணா" என்றேன். "எல்லாரும் நன்றாக இருக்கிறார்கள் அதில்."

சனிக்கிழமை ஸல்மாவிடம் இதைச் சொன்னேன். அவள் முதலில் கேட்டது, "அந்தப் பெண்ணுக்கு வேலை வேண்டுமா?" இரண்டாவதாக, பிரியாணியில் என்ன இறைச்சி என்று. கிளம்பும்போது அவர்கள் ஊர் அல்வாவை ஒரு பெட்டி கொடுத்தாள். ரோஜாவும் ஏலமும் மணக்கும் அல்வா. இரணியல் வந்து சேரும்முன் அது உருகி, என் வரைபடச் சுருளில் ஒட்டியது. அந்த வரைபடம் இப்போதும் இனிப்பாக மணக்கிறது.

---

முட்டுப் பிரிக்கும் நாளில் குலசேகரம் போனேன். இந்த முறை நேரில். மேஸ்திரி என்னைப் பார்த்ததும், "ஜோசியர் வந்தாச்சுடே" என்றார் தம் ஆட்களிடம். பிறகு என்னிடம்: "இனி எனக்க வார்ப்புல பிரியாணிய எட்டு மணிக்கே வைக்கச் சொல்லப் போறேன். வயிறு நெறஞ்சவன் கம்பிமேல ஏற மாட்டான்."

"ஏறினால் எனக்குப் படம் அனுப்புங்கள்" என்றேன்.

நுனியிலிருந்து தொடங்கி ஒவ்வொரு முட்டாக எடுத்தார்கள். ஸ்டெல்லா தள்ளி நின்று, கழுத்தில் டேப் தொங்க, பால்கனியையே பார்த்தார். கடைசி முட்டு போன பிறகு நான் அடியில் போய் நின்று அண்ணாந்து பார்த்தேன். அவரும் வந்து பக்கத்தில் நின்றார்.

இப்போதைய நிலை இது. பால்கனி நிற்கிறது. மேல்பக்கமும் அடிப்பக்கமும் வெடிப்பு இல்லை. ஒரு மழைக்காலம் தாண்டியாயிற்று. எங்கள் அலுவலகத்தில் வார்ப்பு நாள் காலையில், மிஷின் ஓடத் தொடங்கும் முன் இன்னொரு முறை படம் கேட்கிறோம். குடும்பப் படத்துக்குப் பலகை போட்டு இடம் ஒதுக்கிக் கொடுக்கிறோம். நான் வாரத்தில் மூன்று நாள் இரணியலில் இருந்தும் இரண்டு நாள் தளங்களிலும் வேலை செய்கிறேன். வீட்டுக்கு வெள்ளையடித்து முடித்தாயிற்று. கிறிஸ்துதாஸ் அதை இன்னும் நேரில் பார்க்கவில்லை. அவருக்கு விடுப்பு டிசம்பரில்.